பாறை விளிம்பில் ஒரு கிராமம்: கேப்பல்-லெ-ஃபெர்னும் இரண்டு உலகப் போர்களும்

இங்கிலாந்தின் தென்கிழக்கு மூலையில், கென்ட் மாவட்டத்தின் ஃபோக்ஸ்டன், டோவர் ஆகிய இரு துறைமுக நகரங்களுக்கு நடுவே, கடலை நோக்கிச் செங்குத்தாக இறங்கும் வெண்சுண்ணாம்புப் பாறைகளின் உச்சியில் இருக்கிறது கேப்பல்-லெ-ஃபெர்ன் என்னும் சிறிய கிராமம். சாலையோரம் நீளவாக்கில் அமைந்த வீடுகள், வயல்கள், விடுமுறைக்கு வருவோர் தங்கும் கேரவன் பூங்கா, மூன்று வளைவுகள் கொண்ட பதினான்காம் நூற்றாண்டுக் கல்தடுப்பு இன்றும் நிற்கும் பழைய புனித மரியாள் தேவாலயம் ஆகியவற்றைத் தவிர, வழிப்போக்கர் நின்று பார்ப்பதற்கு இங்கே அதிகம் இருப்பதாகத் தோன்றாது. ஆனால் இருபதாம் நூற்றாண்டின் இரண்டு பெரும்போர்களிலும் பிரிட்டன் தன்னைக் காத்துக்கொள்ளக் கையாண்ட வழிகள் ஒன்றன்பின் ஒன்றாக இந்தச் சில கிலோமீட்டர் பாறை விளிம்பில் வந்து அமர்ந்து, தத்தம் தடயத்தை விட்டுச் சென்றிருக்கின்றன. முதல் உலகப் போரில் வாயுப் பையால் மிதந்து பறந்த வான்கப்பல்களின் தளம், இரு போர்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் தொலைவில் வரும் விமானத்தின் ஒலியைக் குவித்துக் கேட்க எழுப்பிய 'ஒலிக் கண்ணாடி', இரண்டாம் உலகப் போரின் கடற்கரைப் பீரங்கி நிலை, 'பிரிட்டன் போர்' எனப்படும் 1940-ஆம் ஆண்டு வான்போரில் பறந்தவர்களுக்கான தேசிய நினைவிடம் ஆகிய நான்கும் ஒரே ஊரைச் சுற்றி இருப்பது தற்செயல் அல்ல.

காரணம் நிலவமைப்பில் இருக்கிறது. ஆங்கிலக் கால்வாயின் மிகக் குறுகிய பகுதி டோவருக்கும் பிரான்ஸின் கலே கரைக்கும் இடையில்தான். அகலம் ஏறத்தாழ 33 கிலோமீட்டர். வானம் தெளிந்த நாளில் கடல்மட்டத்திலிருந்து ஏறக்குறைய 150 மீட்டர் உயரத்தில் உள்ள கேப்பலின் விளிம்பில் நின்றால் எதிர்க்கரையை வெறுங்கண்ணாலேயே பார்க்கலாம். அந்தக் கரை நட்பு நாட்டிடம் இருந்தவரை இது அழகான காட்சி மட்டுமே. அது எதிரியின் கைக்குப் போன பிறகோ, எதிரியின் கப்பல்களும் விமானங்களும் அதன் பக்கமாக வரத் தொடங்கிய பிறகோ, எதிரி வருவதை எத்தனை நிமிடம் முன்னதாக அறிய முடியும் என்ற ஒரே கேள்விக்கு இந்தப் பாறை உச்சி விடை சொல்ல வேண்டியதாயிற்று. கேப்பலின் போர்க்கால எச்சங்களை இந்த நிமிடக் கணக்கை மனத்தில் வைத்துக்கொண்டு பார்த்தால்தான் அவை ஒன்றோடொன்று எப்படித் தொடர்புடையவை என்பது விளங்கும் என்பது என் கருத்து.

1915 பிப்ரவரியில் ஜெர்மனி பிரிட்டனைச் சுற்றிய கடற்பரப்பைப் போர்ப் பகுதியாக அறிவித்து, வணிகக் கப்பல்களையும் நீர்மூழ்கிகளால் தாக்கத் தொடங்கியது. ஃபோக்ஸ்டனிலிருந்தும் டோவரிலிருந்தும் பிரான்ஸுக்குப் படைவீரர்களை ஏற்றிச் சென்ற கப்பல்கள் கடந்தாக வேண்டிய வழியும் இதுவே. மேலிருந்து நீண்ட நேரம், மெதுவாக, கடலைக் கூர்ந்து பார்க்கக்கூடிய ஒரு கருவி உடனே வேண்டும் எனப் பிரிட்டிஷ் கடற்படைத் தலைமை கேட்டது. அப்போதைய விமானங்களால் நெடுநேரம் பறக்க முடியாது. பெரிய வான்கப்பல்களைக் கட்டுவதற்குக் காலமும் இல்லை. ஆகவே பொறியாளர்கள் கையில் இருந்தவற்றை வைத்தே ஒரு தீர்வு கண்டார்கள்: ஏற்கெனவே இருந்த சிறிய வான்கப்பல் ஒன்றின் வாயுப் பையை எடுத்து, அதன் அடியில் இறக்கைகள் கழற்றப்பட்ட பி.இ.2சி விமானத்தின் உடற்பகுதியைக் கயிறுகளால் தொங்கவிட்டார்கள். சில வாரங்களுக்குள் பறக்கத் தயாரான இந்த வகைக்கு நீர்மூழ்கிகளைத் தேடும் பணியை ஒட்டியே பெயரும் அமைந்து, எஸ்.எஸ். என்ற இரண்டு எழுத்துகளால் அது அறியப்பட்டது.

இந்த வான்கப்பல்களுக்கான தளங்களில் ஒன்று கேப்பலில் 1915 மே மாதம் திறக்கப்பட்டது. தொடக்கமே விபத்துடன்தான். அங்கே வந்து இறங்க முயன்ற முதல் வான்கப்பலான எஸ்.எஸ்.1 தந்திக் கம்பிகளில் மோதித் தீப்பிடித்து எரிந்தது. ஹைட்ரஜன் நிரம்பிய பை என்பதால் தீயை அணைக்க வழியே இருந்திருக்காது. ஆனாலும் அதில் இருந்தவர்கள் உயிர் தப்பினார்கள். அடுத்த ஆண்டே இதே தளத்தைச் சேர்ந்தவர்கள் இன்னும் மேம்பட்ட ஒரு வடிவத்தை இங்கேயே உருவாக்கினார்கள். 'ஜீரோ' வகை எனப்பட்ட அதில் கழற்றிய விமான உடலுக்குப் பதிலாகப் படகு போன்ற அமைப்புடைய, தேவைப்பட்டால் நீரிலும் மிதக்கக்கூடிய தொட்டில் இருந்தது. வானொலி இயக்குபவர் முன்னாலும், ஓட்டுநர் நடுவிலும், எஞ்சின் பொறியாளர் பின்னாலுமாக மூவர் ஒருவர்பின் ஒருவராக அமர்ந்திருப்பார்கள். அவர்களுக்குப் பின்னால் 75 குதிரைத்திறன் கொண்ட ரோல்ஸ்-ராய்ஸ் 'ஹாக்' எஞ்சின் ஓடிக்கொண்டிருக்கும். கூரை கிடையாது. கால்வாயின் குளிர்காற்றில் திறந்தவெளியில், மணிக்கணக்காகக் கீழே கடலையே பார்த்துக்கொண்டிருப்பதுதான் அவர்களுடைய வேலை. 1918-இல் இவ்வகை வான்கப்பல் ஒன்று தொடர்ந்து 50 மணி நேரத்துக்கும் மேல் பறந்து சாதனை படைத்தது. கேப்பலில் பிறந்த இந்த வடிவத்தில் மொத்தம் எழுபதுக்கும் மேற்பட்டவை கட்டப்பட்டன.

இவை நேரடியாக மூழ்கடித்த நீர்மூழ்கிகள் மிகச் சில என்பதைக் கொண்டு இவற்றின் பயனைக் குறைத்து மதிப்பிடுவோர் உண்டு. அது சரியான அளவுகோல் அல்ல. அக்காலத்து நீர்மூழ்கி பெரும்பாலும் நீரின் மேற்பரப்பில்தான் பயணம் செய்யும். மூழ்கிவிட்டால் மின்கல ஆற்றலில் மிக மெதுவாகவே நகர முடியும், தொலைவில் வரும் கப்பலைப் பார்க்கவும் முடியாது. தலைக்கு மேல் ஒரு வான்கப்பல் தென்பட்டாலே மூழ்கித்தான் ஆக வேண்டும். மூழ்கி ஒளிந்திருக்கும் அந்த நேரத்துக்குள் படைவீரர் கப்பல் கடந்துபோய்விடும். கேப்பலிலிருந்து புறப்பட்டவர்கள் ஈட்டித் தந்தது இந்தக் கால இடைவெளியைத்தான். போர் முடிந்ததும் தளம் மூடப்பட்டது. பெரிய கொட்டகைகள் நின்ற நிலத்தில் இப்போது கேரவன் பூங்கா இருக்கிறது.

1917 மே 25 அன்று மாலை, ஜெர்மனியின் கோத்தா குண்டுவீச்சு விமானங்கள் ஃபோக்ஸ்டன் நகரின் மீது பறந்து, கடைத்தெருவில் பொருள் வாங்க மக்கள் கூடியிருந்த நேரத்தில் குண்டு வீசின. டோன்டைன் தெருவில் காய்கறிக் கடை ஒன்றின் முன் நின்றிருந்த பெண்களும் குழந்தைகளும் மொத்தமாக மாண்டனர். நகரில் இறந்தோர் தொகை 70-ஐத் தொட்டது. முன்னெச்சரிக்கை எதுவும் கிடைக்கவில்லை. அதுவரை வான்தாக்குதல் என்றால் இரவில் வரும் செப்பலின் வான்கப்பலையே நினைத்திருந்த பிரிட்டன், பகலிலேயே விமானங்கள் கூட்டமாக வந்து சில நிமிடங்களில் திரும்பிவிட முடியும் என்பதை அன்று உணர்ந்தது.

கண்ணுக்குப் படும் முன்பே காதுக்குக் கேட்கச் செய்ய முடியுமா என்ற ஆய்வு இந்தப் பின்னணியில் வேகம் பெற்றது. டோவருக்குக் கிழக்கே ஃபேன் விரிகுடாவில் சுண்ணாம்புப் பாறையையே குழிவாகக் குடைந்து ஓர் ஒலிக் கண்ணாடி அமைக்கப்பட்டது. போருக்குப் பிறகு, 1920-களில், மேஜர் வில்லியம் டக்கர் தலைமையில் கென்ட் கடற்கரை நெடுகிலும் காங்கிரீட்டால் ஆன பெரிய கண்ணாடிகள் எழுந்தன. அவற்றில் ஒன்று கேப்பலுக்குக் கிழக்கே ஆபட்ஸ் கிளிஃப் என்னும் பாறையின் மேல் இன்றும் தனியாக நிற்கிறது. கடலைப் பார்த்தபடி இருக்கும் அந்தக் குழிவின் குறுக்களவு ஏறத்தாழ 6 மீட்டர். தொலைவிலிருந்து வரும் எஞ்சின் ஒலி குழிவில் பட்டு ஒரு புள்ளியில் குவியும். அந்தப் புள்ளியில் புனல் போன்ற ஏற்பி ஒன்றை நகர்த்தியவாறு, மருத்துவரின் ஸ்டெதாஸ்கோப்பைப் போன்ற குழாயைக் காதில் பொருத்திய ஒருவர் கவனித்துக் கேட்பார். ஒலி எந்த நிலையில் மிகப் பலமாகக் கேட்கிறதோ அதை வைத்து விமானம் வரும் திசையைக் கணித்துத் தொலைபேசியில் சொல்வார். இரண்டு மூன்று இடங்களிலிருந்து வரும் திசைகளை ஒரே வரைபடத்தில் கோடுகளாக இழுத்தால் அவை வெட்டும் இடத்தில் விமானம் இருக்கும்.

கோட்பாட்டில் பிழை இல்லை. நல்ல நாளில் வெறுங்காதுக்கு எட்டாத தொலைவிலேயே விமானம் வருவதை இக்கண்ணாடிகள் காட்டிக்கொடுத்தன. ஆனால் காற்று வேகமாக வீசினாலும், அருகே கப்பல் சென்றாலும், சாலையில் மோட்டார் வண்டி ஓடினாலும் கேட்பவரின் கணிப்பு குலைந்தது. அதைவிட முக்கியம், ஒலியின் வேகம் மாறவில்லை, விமானத்தின் வேகம் மாறிக்கொண்டே இருந்தது. 1920-களின் விமானத்துக்கு எதிராகப் பத்து நிமிட அவகாசம் தந்த அதே கண்ணாடி, 1930-களின் நடுவில் வந்த விமானங்களுக்கு எதிராக நான்கைந்து நிமிடம்தான் தந்தது. 1935 பிப்ரவரி 26 அன்று டேவன்ட்ரி அருகே ராபர்ட் வாட்சன்-வாட் நடத்திய வானொலி அலைகளால் விமானத்தைக் கண்டறியும் சோதனை வெற்றி பெற்று, ரேடாருக்கு வழி திறந்ததும் ஒலிக் கண்ணாடிகளின் காலம் முடிந்தது. எனினும் அவற்றை வீண் முயற்சி என்று ஒதுக்கிவிடுவது நியாயம் இல்லை. பல இடங்களிலிருந்து வரும் செய்திகளைத் தொலைபேசி வழியே ஓர் அறையில் சேர்த்து, வரைபடத்தில் குறித்து, அங்கிருந்து கட்டளை பிறப்பிக்கும் பழக்கம் இக்கண்ணாடிகளைச் சுற்றியும் வளர்ந்தது. ரேடார் வந்தபோது அந்தப் பழக்கம் தயாராக இருந்தது.

டோவருக்கு அருகே ஸ்விங்கேட்டில் எழுப்பப்பட்ட 110 மீட்டர் உயர எஃகுக் கோபுரங்கள் ரேடார் சங்கிலியின் ஒரு கண்ணியாயின. பிரான்ஸுக்கு மேல் ஜெர்மானிய விமானங்கள் திரண்டு உயரம் எடுக்கும்போதே இவற்றால் கண்டுகொள்ள முடிந்தது. கடற்பக்கம் மட்டுமே பார்த்த ரேடார், விமானங்கள் கரையைக் கடந்து உள்ளே வந்தபின் குருடாகிவிடும். அங்கிருந்து தொலைநோக்கியோடு வயல்வெளிகளில் நின்ற பார்வையாளர் படை தொடர்ந்து செய்தி சொல்லும். இவை யாவும் போர்விமானப் படையின் தலைமையகமான பென்ட்லி பிரையரியில் சலித்தெடுக்கப்பட்டு, தென்கிழக்கு இங்கிலாந்தைக் காத்த 11-ஆம் பிரிவின் தலைமையிடமான அக்ஸ்பிரிட்ஜுக்கும், அங்கிருந்து விமானத் தளங்களுக்கும் போகும். அப்படையின் தலைவர் ஹியூ டவ்டிங் உருவாக்கிய இந்த அமைப்பை 11-ஆம் பிரிவின் தளபதி கீத் பார்க் நாள்தோறும் இயக்கினார்.

கேப்பலுக்குச் சற்று உள்ளே தள்ளி இருந்தது ஹாக்கிஞ்ச் விமானத் தளம். பிரான்ஸுக்கு மிக அருகில் இருந்த பிரிட்டிஷ் போர்விமானத் தளங்களில் ஒன்று. அருகில் இருப்பது வசதி என்று நமக்குத் தோன்றும், உண்மை நேர்மாறானது. பிரிட்டனின் ஸ்பிட்ஃபயர் போர்விமானம் தரையிலிருந்து 20,000 அடி உயரத்துக்கு ஏற ஏறத்தாழ எட்டு நிமிடம் வேண்டும். கால்வாயைக் கடக்க ஜெர்மனியின் மெஸ்ஸர்ஷ்மிட் 109 போர்விமானத்துக்கு அதைவிடக் குறைந்த நேரம் போதும். எனவே ஹாக்கிஞ்சிலிருந்து எழும்பியவர்கள் பல தருணங்களில் எதிரிக்கு முதுகைக் காட்டி உள்நாட்டுப் பக்கம் பறந்து உயரம் எடுத்தபின்தான் திரும்பி வர முடிந்தது. மேலே இருப்பவனுக்கே சாதகம் என்பது வான்போரின் விதி. 1940 ஜூலை 19 அன்று 141-ஆம் விமான அணியின் ஒன்பது டிஃபயன்ட் விமானங்கள் ஹாக்கிஞ்சிலிருந்து புறப்பட்டு ஃபோக்ஸ்டனுக்குத் தெற்கே கடலின் மேல் சென்றபோது, மேலிருந்து பாய்ந்த மெஸ்ஸர்ஷ்மிட்டுகளிடம் சிக்கின. முன்னோக்கிச் சுடும் துப்பாக்கி இல்லாமல் பின்னால் சுழலும் மேடையில் மட்டும் துப்பாக்கி கொண்ட அந்த விமானங்களில் பெரும்பாலானவை சில நிமிடங்களுக்குள் வீழ்ந்தன அல்லது கடுமையாகச் சேதமுற்றன.

டிஃபயன்ட் விமானங்களுக்கும் நம் சென்னைப் பகுதிக்கும் ஒரு தொடர்பு உண்டு. அவற்றை முதலில் பெற்ற 264-ஆம் அணி, ஆகஸ்ட் இறுதியில் தென்கிழக்கு வானில் இதே போன்ற இழப்பைச் சந்தித்துச் சில நாட்களில் பின்வாங்கப்பட்டது. சென்னை மாகாணத்தில் திரட்டப்பட்ட போர் நிதிக் கொடையை ஒட்டி அந்த அணிக்கும், ஸ்பிட்ஃபயர்களை ஓட்டிய 234-ஆம் அணிக்கும் 'மெட்ராஸ் பிரசிடென்சி' என்ற பெயர் சூட்டப்பட்டது. காலனி ஆட்சியின்கீழ் திரட்டப்பட்ட அந்தப் பணத்தில் விரும்பிக் கொடுத்தது எவ்வளவு, கொடுத்தே ஆகவேண்டியிருந்தது எவ்வளவு என்பது தனியாக ஆராய வேண்டிய கேள்வி.

அந்தக் கோடையில் டோவர், ஃபோக்ஸ்டன் பாறைகளின் மேல் நின்ற பொதுமக்கள் தலைக்கு மேலே போரைப் பார்த்தார்கள். ஜூலை 14 அன்று பிபிசி செய்தியாளர் சார்ல்ஸ் கார்ட்னர், கப்பல் அணிவகுப்பைத் தாக்கிய விமானங்களைப் பற்றிப் பாறை மேலிருந்து விறுவிறுப்பான வர்ணனை ஒன்றைப் பதிவு செய்தார். உயிர்ப்போரை விளையாட்டுப் போட்டியைப் போல வர்ணிக்கலாமா என்ற கண்டனம் அது ஒலிபரப்பானதும் எழுந்தது. எனக்கு அதில் வேறொன்று முக்கியமாகப் படுகிறது. பாராசூட்டில் இறங்கிய ஒரு விமானியை அவர் ஜெர்மானியர் என்று எண்ணி உற்சாகத்துடன் வர்ணித்தார். உண்மையில் அவர் ஹரிகேன் போர்விமானம் ஓட்டிய பிரிட்டிஷ் விமானி, காயங்களால் மறுநாள் இறந்துபோனார். அவ்வளவு அருகில் நின்று பார்த்தவர்களுக்கும் மேலே என்ன நடக்கிறது என்பது தெரியவில்லை.

பிரான்ஸ் வீழ்ந்தபின் எதிர்க்கரையில் ஜெர்மானியர் பெரும்பீரங்கிகளை நிறுத்தினர். 1940 ஆகஸ்டில் தொடங்கிய குண்டுமழை 1944 செப்டம்பர் 26 வரை நீடித்தது. டோவர் நகரின் மீது மட்டும் 2,200-க்கும் மேற்பட்ட குண்டுகள் விழுந்தன. இதில் முன்னறிவிப்பு என்ற ஒன்றே கிடையாது. பீரங்கியிலிருந்து கிளம்பிய குண்டு ஏறத்தாழ ஒரு நிமிடத்தில் வந்து விழும். முதல் குண்டு வெடித்த பிறகுதான் எச்சரிக்கைச் சங்கு ஊதும். டோவர் மக்கள் சுண்ணாம்புக் குகைகளில் வாழப் பழகினார்கள். பதிலடியாகப் பிரிட்டனும் இக்கரையில் பீரங்கிகளை நிறுவியது. செயின்ட் மார்கரெட்ஸில் 'வின்னி', 'பூ' என்று செல்லப்பெயர் பெற்ற 14 அங்குலப் பீரங்கிகள் அவற்றில் புகழ்பெற்றவை. கேப்பலில் மூன்று 8 அங்குலப் பீரங்கிகள் கொண்ட நிலை 1941, 1942 ஆண்டுகளில் கட்டப்பட்டது. எதிர்க்கரை நகரங்களைச் சுடுவதற்காக அல்ல, கால்வாயைக் கடக்க முயலும் எதிரிக் கப்பல்களைத் தடுப்பதற்காகவே அது அமைந்தது. 1944 செப்டம்பர் இறுதியில் கனடியப் படைகள் எதிர்க்கரையில் உள்ள கிரி-நே முனையின் ஜெர்மானியப் பீரங்கி நிலைகளைக் கைப்பற்றியதும் அதன் தேவை தீர்ந்தது.

அந்தப் பழைய பீரங்கி நிலையின் மண்ணில்தான் இன்றைய நினைவிடம் அமைந்திருக்கிறது. அதற்குக் காரணமானவர் பிரிட்டிஷ் போர்விமானி ஜெஃப்ரி பேஜ். 1940 ஆகஸ்ட் 12 அன்று அவருடைய ஹரிகேன் சுடப்பட்டுத் தீப்பற்றியது; முகமும் கைகளும் கருகிய நிலையில் கடலில் விழுந்து மீட்கப்பட்டார். ஈஸ்ட் கிரின்ஸ்டெட் மருத்துவமனையில் ஆர்ச்சிபால்ட் மெக்கிண்டோ செய்த பல அறுவை சிகிச்சைகளுக்குப் பிறகு மீண்டும் போர்விமானம் ஓட்டினார். தம்மோடு பறந்தவர்களுக்கென்று தனியான தேசிய நினைவுச்சின்னம் இல்லையே என்ற ஆதங்கத்தில் அவர் தொடங்கிய அறக்கட்டளையின் முயற்சியால், 1993 ஜூலை 9 அன்று எலிசபெத் ராஜமாதா இந்நினைவிடத்தைத் திறந்துவைத்தார். போர் முடிந்து அரை நூற்றாண்டுக்கு அருகில் ஆகியிருந்தது.

நினைவிடத்தின் நடுவே ஹாரி கிரே செதுக்கிய கற்சிலை இருக்கிறது: பறக்கும் உடையணிந்த இளைஞன் ஒருவன் தரையில் உட்கார்ந்து, கால்களைக் கைகளால் கட்டிக்கொண்டு கடலைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். ஆயுதம் இல்லை, வெற்றிக் கோலமும் இல்லை. பீடத்தைச் சுற்றிப் போரில் பங்கேற்ற அணிகளின் சின்னங்கள் உள்ளன. அவன் அமர்ந்திருக்கும் தரை, வானிலிருந்து பார்த்தால் மூன்று இலைகளுடைய விமான விசிறியாகத் தெரியும். போர்ச் சிலைகளில் நான் மிகவும் மதிப்பது இதைத்தான். தரையில் உத்தரவுக்காகக் காத்திருப்பதே அந்த இளைஞர்களின் நாளில் பெரும்பகுதி. சிற்பி அந்த நேரத்தைப் பிடித்திருக்கிறார்.

2005-இல், இந்தப் போரில் தாமும் பறந்தவரான கிறிஸ்டோஃபர் ஃபாக்ஸ்லி-நாரிஸின் பெயரில் ஒரு சுவர் எழுப்பப்பட்டு, 1940 ஜூலை 10 முதல் அக்டோபர் 31 வரை தகுதிபெற்ற அணிகளில் ஒருமுறையேனும் போர்ப் பணிக்காகப் பறந்த ஏறத்தாழ 2,940 பேரின் பெயர்கள் அதில் பொறிக்கப்பட்டன. அவர்களில் 540-க்கும் மேற்பட்டோர் அந்தப் பதினாறு வாரங்களுக்குள் உயிரிழந்தவர்கள். போலந்தைச் சேர்ந்த 145 பேர், நியூசிலாந்து, கனடா, செக்கோஸ்லோவாக்கியா ஆகிய நாடுகளிலிருந்து வந்தவர்கள் எனப் பலநாட்டுப் பெயர்கள் அகரவரிசையில் கலந்து நிற்பது, 'பிரிட்டன் தனியாக நின்றது' என்று வழக்கமாகச் சொல்லப்படும் கதைக்கு நல்ல திருத்தம். ஆனால் சுவருக்கும் ஓர் எல்லை உண்டு. பறந்தவர்களே அதில் இருக்கிறார்கள். ஹாக்கிஞ்சில் குண்டு விழுந்த குழிகளை ஓரிரவில் நிரப்பியவர்கள், ரேடார் திரையின் முன் அமர்ந்திருந்த இளம்பெண்கள், விமானத்துக்கு எரிபொருளும் குண்டுப் பட்டைகளும் ஏற்றியவர்கள் ஆகியோர் இல்லாமல் அந்த 2,940 பேரும் உரிய நேரத்தில் எழும்பியிருக்க முடியாது. ஸ்பிட்ஃபயரின் இறக்கை வடிவில் கட்டப்பட்டு 2015 மார்ச்சில் இரண்டாம் எலிசபெத் அரசி திறந்துவைத்த 'தி விங்' என்னும் காட்சிக்கூடம், போரின் முழுக் கதையையும் சொல்ல முற்படுவதன் மூலம் இந்தக் குறையை ஓரளவு ஈடுசெய்கிறது.

இவ்வளவு நுணுக்கமாக நினைவிடத்தைப் பேசுவதற்குக் காரணம், சுற்றிலும் மற்றவை மறைந்துகொண்டிருப்பதுதான். ஹாக்கிஞ்ச் தளத்தின் பெரும்பகுதி இப்போது குடியிருப்பு. ஓர் அருங்காட்சியகமும், பிரிட்டிஷாரும் ஜெர்மானியரும் அடங்கிய கல்லறைத் தோட்டமும் அதன் நினைவைத் தாங்குகின்றன. சுவரில் பெயர் உள்ளவர்களில் கடைசியாக உயிரோடு இருந்தவராகக் கருதப்பட்ட, அயர்லாந்தைச் சேர்ந்த ஜான் ஹெமிங்வே, 2025 மார்ச் 17 அன்று தமது 105-ஆம் வயதில் காலமானார். இனி இங்கே வருபவர்களுக்கு நேரில் எடுத்துச் சொல்ல அவர்களில் யாரும் இல்லை. இடங்களும் பொருள்களும்தான் சொல்ல வேண்டும்.

அதனால்தான் நினைவிடத்தோடு நின்றுவிடாமல், பாறை விளிம்புப் பாதையில் கிழக்கே நடந்து ஆபட்ஸ் கிளிஃப் ஒலிக் கண்ணாடி வரை செல்ல வேண்டும் என்று சொல்வேன். உப்புக் காற்றில் அதன் காங்கிரீட் அரிக்கப்பட்டு வருகிறது. ஃபேன் விரிகுடாவில் மண்ணுக்குள் புதைந்திருந்த இரண்டு ஒலிக் கண்ணாடிகளையும் போர்க்காலச் சுரங்கத்தையும் பாரம்பரிய இடங்களைப் பேணும் நேஷனல் டிரஸ்ட் அமைப்பின் தன்னார்வலர்கள் தோண்டித் துப்புரவாக்கி, 2015-இல் பார்வைக்குத் திறந்துவைத்தார்கள். அங்கே செலுத்தப்பட்ட அதே அக்கறைக்கு ஆபட்ஸ் கிளிஃப் கண்ணாடியும், நினைவிடத்தின் அடியில் கிடக்கும் பீரங்கி நிலையின் எச்சங்களும் உரியவை. கேரவன் பூங்காவாகிவிட்ட வான்கப்பல் தளத்துக்கு நேர்ந்தது இவற்றுக்கும் நேராமல் இருக்க வேண்டுமானால், அந்தப் பணி இப்போதே தொடங்க வேண்டும்.